பாசிச் சுவரில் புதிய வெளிச்சம்

அந்தக் கூடத்தின் சுவர் முழுக்கப் பச்சைப் பாசி. ஊரில் யார் இறந்தாலும், அவருக்குத் தெரிந்ததெல்லாம் அந்தக் கணமே பாசியில் ஒரு துளி வெளிச்சமாக ஊறிவிடும். அதில் விரலை வைத்துப் பார்த்து, யாரென்று கண்டு, சிலேட்டில் பெயர் எழுதிப் பக்கத்தில் மாட்டுவது தவமணிக்கும் ரஞ்சிதத்துக்கும் வேலை. அன்று காலை நெல்மணி அளவில் புதிதாக ஒன்று தெரிந்தது.

"இன்னிக்கு உன் முறைக்கா," என்றாள் ரஞ்சிதம். "நேத்து எனக்கு வாய்ச்ச மனுஷனுக்குச் சீட்டாட்டத்தைத் தவிர ஒண்ணுமே தெரியல."

தவமணி சிரித்துக்கொண்டே விரலை வைத்தாள். சைக்கிள் செயின் மாட்டத் தெரிந்தவர். ஆற்றில் சுழல் எங்கே என்று அறிந்தவர். பிறகு ஒரு பெண் வந்தாள். ஒருநாள் மத்தியானத்தில் துணிப்பையோடு வீட்டைவிட்டுக் கிளம்பி, பேருந்து நிறுத்தம்வரை போய், விளக்கு வைப்பதற்குள் திரும்பி வந்து அடுப்பைப் பற்றவைக்கிறாள். தூரத்தில் பின்தொடர்ந்து பார்த்துவிட்டு முன்னாலேயே திரும்பிய அவர், கட்டிலில் தூங்குவதுபோலக் கிடக்கிறார். பன்னிரண்டு வருடமாக அதைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை.

அந்தப் பெண் தவமணிதான். அரை மணி முன்புதான் புருஷனுக்கு இட்லி எடுத்து வைத்துவிட்டு வந்திருந்தாள்.

"யாருக்கா? பேரச் சொல்லு, எழுதறேன்."

"இது இன்னும் சரியா எரியல ரஞ்சிதம். சிலது அணைஞ்சிடும்ல?"

"இதுவரைக்கும் எது அணைஞ்சிருக்கு?"

தவமணி இரண்டு உள்ளங்கைகளாலும் அந்த வெளிச்சத்தை அழுத்தி மூடினாள். விரலிடுக்கெல்லாம் சிவந்து ஒளிர்ந்தது.