மூணு கால் பூனை

"போலீஸ் ஸ்டேஷன் கதவுல எதுக்கு சார் பூனை? அதுவும் மூணு காலோட!" செட்டுக்குள் நுழைந்ததுமே டைரக்டர் எகிறினார்.

பச்சைக் கதவின் கீழ்ப்பாதியில், சாக்பீஸில் கோணல்மாணலாக ஒரு பூனை.

"ஒரு ஓரமாத்தானே சார் இருக்கு? இருந்துட்டுப் போகட்டும்" என்றார் ஆர்ட் டைரக்டர்.

"அரண்மனைப் படத்துல வச்சீங்க, ஆஸ்பத்திரிப் படத்துலயும் வச்சீங்க. இருபத்தாறு படம்! என்ன, ராசியா?"

"அப்படியே வச்சுக்குங்களேன்."

"என் படத்துல வேணாம். அழிங்க. இல்லேன்னா வேற ஆளைப் பாத்துக்கறேன்."

ஆர்ட் டைரக்டருக்கு இதை விட்டால் கையில் வேறு படம் கிடையாது. பிடிவாதக்காரர் என்று ஏற்கெனவே பாதிப்பேர் அவரை ஒதுக்கிவிட்டார்கள். இருந்தும் அளவு டேப்பைப் பைக்குள் போட்டுக்கொண்டு கிளம்பினார். வாசலைத் தாண்டும்போதே யாரோ ஈரத்துணியால் கதவைத் துடைக்கும் சத்தம் கேட்டது.

வீட்டில் மனைவி காத்திருந்தாள்.

"இந்தப் படத்துலயாவது பூனையை நல்லாக் காட்டுறாங்களா?"

"பெருசாவே காட்டுறாங்க."

அவள் நிம்மதியாகக் கதவைச் சாத்தினாள். அதுவும் பச்சைக் கதவு. கீழ்ப்பாதியில், கண்ணாடி போட்டுப் பாதுகாத்த அதே மூன்று கால் பூனை.

அதை வரைந்தபோது மகளுக்கு வயது நாலு. மூன்றாவது காலோடு சாக்பீஸ் தீர்ந்துபோக, வேறு வாங்கக் கடைக்கு ஓடியவள் இருபது வருஷமாகத் திரும்பவில்லை.

எங்கோ ஒரு தியேட்டரில் அவள் உட்கார்ந்திருக்கலாம். தான் வரைந்த பூனையைப் பார்த்தால் அவளுக்குத் தெரியாமலா போகும்?

வேறெதைச் சொல்லி அவள் வீடு தேடுவாள்? அப்பா பெயரைக் கேட்டால், 'அப்பா' என்று மட்டும்தான் அவளுக்குச் சொல்லத் தெரியும்.