ஆறு நிமிட முதுகு

"உன் மாமியாரைப் படம் பிடிச்சு, அதை என்கிட்டயே கொண்டுவந்து..."

"முழுசாப் பாரும்மா, அப்புறமாத் திட்டு..."

"பார்க்க என்னடி இருக்கு? ஆறு நிமிஷமும் வெறும் முதுகுதானே."

தையல் மெஷின் மேல் மகள் வைத்த லேப்டாப்பில் அந்த முதுகு பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தது. வெளுத்த நைட்டி, தலையில் சுற்றிய ஈரத்துண்டு. முகம் இல்லை, பேச்சு இல்லை. குழாய்த் தண்ணீர்ச் சத்தம் மட்டும்.

"யாருன்னு பார்க்கிறவங்கதான் சொல்லணும். அதுதான்மா படமே."

"எனக்கா தெரியாது? முப்பது வருஷமா ஜாக்கெட் தைக்கிறேன். முதுகைப் பார்த்தே வயசைச் சொல்லிடுவேன். வலது தோள் இறங்கிடுச்சு, கழுத்து முன்னால வந்துடுச்சு. அறுபதுக்கு ஒரு நாள் குறையாது."

டெய்லரம்மாவுக்குப் பொறுக்கவில்லை. இருப்பது ஒரே பெண். இந்த மெஷினை மிதித்து வளர்த்த அம்மாவை ஒரு போட்டோ பிடிக்க அவளுக்குத் தோன்றவில்லை. சம்பந்தியம்மாள் பாத்திரம் தேய்த்தால் மட்டும் அது சினிமாவா?

"போன மாசம் தைச்சு அனுப்பினேனே, அந்த ஜாக்கெட்டையாவது போட்டியா?"

"தோள்ல நிக்கலைம்மா. வழிஞ்சு வழிஞ்சு விழுது."

"எப்படி நிக்காமப் போகும்? ஒன்பது வருஷமா உன் கல்யாண அளவை வச்சுத்தானே தைக்கிறேன். அங்கே போனதும் என் தையலும் ஆகாமப் போச்சு, அதைச் சொல்லு."

படத்தில் அந்த உருவம் இடுப்பில் கைவைத்து நிமிரப் பார்த்தது. பாதியில் நின்று, மறுபடி குனிந்தது.

"அடேயப்பா, என்ன நடிப்பு. வீட்டு வேலை பூரா இந்தம்மா தலையிலதான் விடியுதாக்கும். நீ பக்கத்துல நின்னு சொல்லிக் கொடுத்தியா, இப்படிக் குனியுங்க, அப்படி நிமிருங்கன்னு?"

"கேமராவை அலமாரி மேல வச்சதோட சரி. நான் யாருக்கும் எதுவும் சொல்லித் தரலை."

"அவ்வளவு ஒட்டுதல். பெத்தவ முதுகு மட்டும் உன் கண்ணுல படலை, இல்லே?"

மகள் லேப்டாப்பை மூடினாள். அம்மாவின் கையில் இஞ்ச் டேப்பை வைத்துவிட்டு, திரும்பி நின்றாள்.

"இதுதான்மா அந்த முதுகு. அளந்து பாரு."