மான்குட்டி சொன்னால் கேட்கிறாள்

தணிகை மலைமேலிருந்து சாயும் வெயில் கூடத்தில் விழுகிறது. சுவரில் சாய்த்துவைத்த செல்போனில் ஒரு கார்ட்டூன் படம். மான்குட்டி ஒன்று வற்றிய குளத்துச் சேற்றை நக்கி அழுகிறது. எட்டு வயது கிருத்திகா சட்டென எழுந்து, பள்ளிக்கூட பாட்டிலோடு வாசலுக்கு ஓடி, மலையிலிருந்து இறங்கும் குரங்குகளுக்காக வைத்த தொட்டியில் தண்ணீரைக் கவிழ்க்கிறாள். கரண்டியும் கையுமாக நிற்கும் அம்மா தேவயானியின் முகம் சுருங்குகிறது. இரண்டு கோடையாகத் தினமும் அவள் சொல்லும் வேலை அது. ஒருநாளும் மகள் அசைந்ததில்லை. "நீ சொன்னா கேக்கல, மானு சொன்னா கேக்குறா பாரு," என்று கட்டிலில் படுத்தபடி சிரிக்கிறான் கணவன் தணிகைவேல். "ஏண்டி, நான் சொன்னப்போ அதுங்களுக்குத் தாகம் இல்லியா?" என்கிறாள் தேவயானி. "நீ வேல சொன்னம்மா. அது அழுவுது," என்கிறாள் கிருத்திகா.

தாய்க்குரங்கு ஒன்று குட்டியை வயிற்றோடு அணைத்துக்கொண்டு தொட்டியில் குனிந்து குடிக்கிறது. முருகன் மலைக் குரங்கைக் கண்டால் வழக்கமாக "முருகா" என்று கன்னத்தில் போட்டுக்கொள்ளும் தேவயானி இன்று அந்தப் பக்கம் திரும்பவில்லை. செல்போனில் நிறைந்திருக்கும் மான்குட்டியின் ஈர விழிகளையே முறைக்கிறாள். அடுப்பை அணைத்துவிட்டு வந்து மகளை இடித்துக்கொண்டு உட்காருகிறாள். "நவுருடி. மொதல்லேர்ந்து போடு. அப்படி இன்னாதான் அழுவுதுன்னு நானும் பாக்கறேன்."