காவல்

"பத்திரம் எதிராளி பேர்ல இருக்கு. நீங்க குடியிருக்கிறதுதான் நம்ம பலம். கேஸ் முடியறவரைக்கும் வீட்டைப் பூட்டிட்டு எங்கேயும் போயிடாதீங்க."

வக்கீல் அப்படிச் சொன்னதிலிருந்து அவர் வாசலைத் தாண்டவில்லை. மகள் கல்யாணத்தைக்கூட போனில்தான் பார்த்தார்.

தினமும் ஜன்னல் வழியாகச் சாப்பாட்டுத் தூக்கை நீட்டுபவனிடம் இன்று கெஞ்சினார்.

"பேரன் பொறந்திருக்கான்டா. ஒரே ஒரு நாள் நீ உள்ளே வந்து இரு. ஓடிப்போய்ப் பார்த்துட்டு வந்துடறேன்."

"வேற யாரையாவது கேளேன்."

"வேற யாரை நம்பி வீட்டை விடுவேன்? உனக்கென்னடா கஷ்டம்?"

"எனக்கென்ன கஷ்டம்? ஆனா இந்த வாசப்படியை நான் மிதிக்கவே கூடாதுன்னு கோர்ட்ல தடை வாங்கினதே நீதானே, அண்ணா?"

அவர் நேற்றைய காலித் தூக்கை ஜன்னல் வழியாக நீட்டினார்.

"சரி, நாளைக்கு என்ன சமைக்கச் சொல்லட்டும்?" என்றான் எதிராளி.