பின்பக்கத்துக் கணக்கு

"அப்பா, அது பத்தாதுங்க."

மஞ்சப்பைக்குள் நோட்டுக்கட்டுகளை அடுக்கிக்கொண்டிருந்த தம்பிதுரை நிமிர்ந்து மகளைப் பார்த்தார்.

"எது பத்தாது?"

"ஊட்டுக்கடனை முடிக்க இருபத்து மூவாயிரம் பத்தாதுங்கப்பா. இன்னும் நெறைய..."

"பத்தாவதுல கணக்குக்கு எட்டு மார்க்கு வாங்குனவ, எனக்குக் கணக்குச் சொல்லித் தாரியா?"

பிரவீனா மில்லுக்குக் கொண்டுபோகும் டிபன் பாக்ஸை எடுத்து மூடினாள். ஐந்து வருஷமாக அந்த எட்டு மார்க்கை அவர் விடுவதாக இல்லை. வீட்டுக்கு விருந்தாளி வந்தால் காப்பிக்கு முன்னால் அதுதான் வரும். "ஒத்தைப் புள்ளைங்க. டீச்சராக்கிப் பாக்கோணும்னு கெடந்தேன். எட்டு மார்க்கு வாங்கிப்போட்டு மில்லுக்குப் போயிருச்சு."

"ஏனுங்க, காலங்காத்தால அவளை எதுக்கு வையறீங்க?" என்றாள் அவர் மனைவி நாச்சியம்மாள். "இதுல பாதி அவ சீட்டுக் கட்டுன பணமுங்க."

"அதுக்குத்தான் போறேன். இன்னைக்குப் பத்திரத்தை வாங்கிப்போட்டா மாசாமாசம் ஆயிரத்தம்பது மிச்சம். வெள்ளகோவில் மாப்பிள்ளை ஊட்டுக்குத் தைக்குத் தேதி குடுத்துரலாம்."

கணக்கு அவருக்குத் தெளிவாக இருந்தது. தொண்ணூற்றொன்றில் வாங்கிய கடன் எழுபத்தைந்தாயிரம். நூற்றுக்குப் பதினைந்து வட்டி. தவணைக்குச் சைக்கிள் வாங்கினால் வட்டியை ஒரே தடவை விலையோடு சேர்ப்பார்கள். அதே மாதிரி இதற்கும் ஒரு தடவை சேர்த்தார். அறுபது மாதம் கட்டியதைக் கழித்தார். மீதி இருபத்து மூவாயிரத்துச் சொச்சம். ஃபவுண்டரிக்கு லீவு சொல்லிவிட்டு, பெரியநாயக்கன்பாளையத்தில் பஸ் ஏறிக் காந்திபுரத்தில் இறங்கினார்.

கடன் கம்பெனியின் அதிகாரி லட்சுமணசாமி ஃபைலைப் புரட்டினார். மஞ்சப்பையைப் பார்த்தார். மறுபடி ஃபைலைப் பார்த்தார்.

"பாக்கி அறுபத்தஞ்சாயிரம் இருக்குதுங்களே."

"அறுபத்து மூவாயிரம் கட்டியிருக்கறனுங்க! ஒரு மாசம் தவறுனதில்லீங்க!"

"தவறலீங்க. உக்காருங்க, நம்மூர்க் கணக்குலயே சொல்றேன். வருசத்துக்குப் பதினஞ்சுன்னா, மாசத்துக்கு ஒண்ணேகால் வட்டி. எழுபத்தஞ்சாயிரத்துக்கு மொத மாச வட்டி எவ்வளவுங்க?"

தம்பிதுரை விரல் விட்டு எண்ணினார். "தொள்ளாயிரத்து முப்பத்தேழரை."

"நீங்க கட்டுனது ஆயிரத்தம்பது. அசலுக்குப் போனது?"

"நூத்திப் பன்னெண்டரை."

சொன்ன பிறகுதான் சொன்னது அவருக்கே காதில் விழுந்தது.

"அஞ்சு வருசத்துல அசல் பத்தாயிரந்தானுங்க கொறஞ்சிருக்குது. பதினஞ்சு வருசமும் கட்டி முடிச்சா ஒரு லட்சத்து எம்பத்தொம்பதாயிரம். ரெண்டரை ஊட்டுக் காசு."

"எனக்கு ஒரு ஊடுதானுங்களே இருக்குது."



வீட்டைக் கட்டிப் பார், கல்யாணம் பண்ணிப் பார் என்று சொன்ன மகராசன், முதலாவதைக் கடனில் கட்டினால் இரண்டாவதுக்கு என்ன ஆகும் என்று சொல்லாமல் போய்விட்டான். தை மாதம் கை நழுவிப் போனது தம்பிதுரைக்கு அங்கேயே தெரிந்துவிட்டது.

"அன்னைக்கே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமில்லீங்க? இப்படி ஏமாத்திப்போட்டீங்களே!"

"இல்லீங்க. கையெழுத்துக்கு ஊட்டுக்குக் குடுத்து உட்ட காயிதத்துல எல்லாம் இருக்குதுங்க. இங்கிலீசுல. யாரு படிச்சுச் சொன்னாங்க?"

பிரவீனாதான். அப்போது லைன் வீட்டில் குடியிருந்தார்கள். நாலு வருஷத்தில் மூன்றாவது வீட்டுக்காரன் காலி பண்ணச் சொல்லியிருந்தான். "இனி நம்மள எவனும் வெளிய போன்னு சொல்ல முடியாது. படிச்சுச் சொல்லு கண்ணு" என்று சிரித்துக்கொண்டே காகிதத்தைக் கொடுத்தார். அவள் வெகுநேரம் வைத்துக்கொண்டிருந்தாள். பிறகு, "சரியாத்தான் இருக்குங்கப்பா. கையெழுத்துப் போடுங்க" என்றாள்.

"எட்டு மார்க்குக் கழுதை!" தம்பிதுரை பல்லைக் கடித்தார். "அதுகிட்டப் போயிக் கணக்குப் பாக்கச் சொன்னேன் பாருங்க, என்னையச் செருப்பால அடிக்கோணும்."

லட்சுமணசாமி கடைசித் தாளை உருவி, திருப்பி, அவர் பக்கம் நகர்த்தினார்.

"பின்னால யாரோ பென்சில்ல கணக்குப் போட்டிருக்காங்க பாருங்க. ஒரு பைசா தப்பில்லை. எங்க கிளார்க்கே இத்தனை சுத்தமாப் போடமாட்டான்."

ஏழுக்கு இடுப்பில் ஒரு கோடு. பிரவீனா எழுதும் ஏழு.

தம்பிதுரை அவசரமாகத் தாளைப் புரட்டினார். முன்பக்கம் அவருடைய கையெழுத்து. கீழே தேதி, பிப்ரவரி பதினொன்று. பத்தாவது பரீட்சைக்கு அப்போது இன்னும் ஒரு மாதம் இருந்தது.

மறுபடி பின்பக்கம் திருப்பி எழுத்துக் கூட்டிப் படித்தார்.

75,000 கடன். 1,050 × 180 = 1,89,000.

அப்பா சம்பளம் 2,200. தவணை போக மீதி 1,150.

சாப்பாடு, கரண்ட்டு, அம்மா மாத்திரை 1,700.

மாசம் குறைவது 550.

அதற்கும் கீழே, அழித்து, எழுதி, மறுபடி அழித்து எழுதிய ஒரே ஒரு வரி:

'பிரவீனா, மில் சம்பளம் 550.'