பேபியின் ஆட்சேபனை

"ஆட்சேபனை இருக்கு சார்" என்றாள் பேபி.

தேவானந்தம் தலையில் அடித்துக்கொண்டான். பேச்சுக்கு இல்லை, நிஜமாகவே பட்டென்று அடித்துக்கொண்டான். தாலுகா அலுவலக வராண்டாவில் காத்திருந்தவர்கள் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தார்கள்.

"பாத்தீங்களா சார்? ஒவ்வொரு விசாரணைக்கும் பவுடர் பூசிக்கினு வருவா, இதையேதான் சொல்லுவா. கூடப் பொறந்த தங்கச்சியா சார் இவ? கூடப் பொறந்த தலைவலி!"

துணைத் தாசில்தார் ஸ்ரீநிவாசராகவன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கரண்ட் வேறு போயிருந்தது. சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது.

விஷயம் ஒன்றும் பிரமாதமில்லை. சிறுசேரிப் பக்கம் அப்பா விட்டுப்போன அரை ஏக்கர் நஞ்சை. அவர் உழுது கொண்டிருந்தவரை பிள்ளைகளில் ஒருத்தரும் அதைத் திரும்பிப் பார்க்கவில்லை. கம்ப்யூட்டர் கம்பெனிகள் வந்தாலும் வந்தன, வரப்புக்கு வரப்பு புரோக்கர்கள். இப்போது வாங்குவதற்கு ஆள் தயார். ஆனால் பட்டா இன்னும் செத்துப்போன அப்பா பெயரிலேயே இருக்கிறது. அதை மகன் பெயருக்கு மாற்ற வேண்டுமானால் மகள்கள் இரண்டு பேரும் சம்மதம் எழுதிக் கொடுக்க வேண்டும். பெரியவள் செல்வம்மாள் எப்போதோ கொடுத்துவிட்டாள். சின்னவள்தான் நந்தி மாதிரி குறுக்கே நிற்கிறாள்.

"இந்தத் தடவை என்னம்மா ஆட்சேபனை?" என்றார் ஸ்ரீநிவாசராகவன்.

"கெணறு எந்தப் பக்கம் வருதுன்னு தெரியணும் சார்."

"கெணறா!" தேவானந்தம் எகிறினான். "அது தூந்து போயி முள்ளு மொளைச்சிக் கெடக்குது சார். போன தபா வாரிசு சர்டிபிகேட் ஒரிஜினலக் காட்டுன்னா. காட்டினேன். அதுக்கு முன்னாடி நெலத்த அளக்கணும்னா. சர்வேயரக் கூட்டிக்கினு போயி முட்டிக்கால் சேத்துல நின்னு அளந்தோம். இப்ப கெணறு! அடுத்த தபா இன்னா, அதுல கீற தவளைய எல்லாம் எண்ணிக் காட்டணுமா?"

வராண்டாவில் சிரித்தார்கள். பேபி சிரிக்கவில்லை. முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு நின்றாள்.

"அண்ணன் தங்கச்சி வீட்ல உட்கார்ந்து பேசி முடிக்க வேண்டிய விஷயம்யா இது" என்றார் அதிகாரி.

"பேசலியா சார்? பெருங்களத்தூர்ல என் பெயின்ட் கடையப் பூட்டிட்டு, பொழிச்சலூர்ல இவ வூட்டுக்கு நடையா நடக்கிறேன். முன்னெல்லாம் இவ எந்தத் தெருவுல கீறான்னுகூட எனக்குத் தெரியாது. இப்ப அந்தத் தெரு நாயெல்லாம் என்னப் பாத்து வாலாட்டுது!"

"போனா சரியாப் பேச மாட்டாங்களா?"

"அதான் சார் பேஜாரு! வாசல்லயே நின்னுகினு இருப்பா. வஞ்சிரம் வறுத்து வெப்பா. 'இன்னொரு துண்டு வெச்சிக்கண்ணா'ன்னு ஊட்டி வுடாத கொறைதான். கையெழுத்துன்னு வாயத் தொறந்தா, 'யோசிக்கிறேண்ணா, அடுத்த வாரம் வாயேன்'றா. அடுத்த வாரம் போனா எறா தொக்கு! சோறு போட்டே சாவடிக்கிறா சார் என்ன!"

மீன் பட்டியலைக் கேட்ட ஸ்ரீநிவாசராகவன் லேசாக முகம் சுளித்தார். பிறகு பேபியைப் பார்த்தார்.

"இதோ பாரும்மா, விளையாட இது இடமில்லை. இதுதான் கடைசி விசாரணை. நீ ஒத்துக்கலைன்னா ரெண்டு பேர் பேரையும் போட்டுக் கூட்டுப் பட்டாதான் தருவேன். அதுவும் சரிப்படலைன்னா சிவில் கோர்ட்டுக்குப் போங்கன்னு எழுதிடுவேன்."

கோர்ட் என்றதும் தேவானந்தம் கையெடுத்துக் கும்பிட்டான். கோர்ட்டுக்குப் போனால் தீர்ப்பு வாங்க அவன் பேரன்தான் வரவேண்டும். வாங்க வந்தவனோ தனிப் பட்டா இல்லாமல் தொடவே மாட்டேன் என்கிறான். பெருங்களத்தூரில் கடைக் கட்டடத்தை இடித்து ஃபிளாட் கட்டப் போகிறார்கள். இந்த நிலம் விற்றால்தான் வேறு கடை. இல்லாவிட்டால் நடுத்தெருதான்.

"சரி" என்றான். "மூணுல ஒரு பங்கு நீயே எடுத்துக்கோ. இப்பவே இவரு முன்னாடி எழுதித் தர்றேன். ஆள வுடு தாயி!"

"எனக்குப் பங்கு வேணாம்."

"அப்ப இன்னாதான்டி வேணும் உனக்கு?"

பேபி அதிகாரியைப் பார்த்தாள். "இன்னொரு வாய்தா மட்டும் குடுங்க சார்."

"சொத்துன்னு வந்துட்டா அண்ணனாவது தங்கச்சியாவது" என்றார் வராண்டாவில் ஒருவர். "மொத்தத்தையும் சுருட்டப் பாக்குது" என்றார் இன்னொருவர், சத்தமாகவே.

ஸ்ரீநிவாசராகவனுக்கும் பொறுமை போய்விட்டது. மேஜையைத் தட்டினார்.

"பங்கும் வேணாங்கறே. கையெழுத்தும் போட மாட்டேங்கறே. பாவம், அந்த மனுஷன் கடையே போகப் போறதுன்னு நிக்கறார். எதுக்காகம்மா இப்படி இழுத்தடிக்கறே?"

பேபி அண்ணன் முகத்தை ஒரு தடவை பார்த்தாள். பிறகு மேஜைமேல் இருந்த பேனாவை எடுத்தாள். காட்டிய இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டாள். தேவானந்தம் விட்ட பெருமூச்சு வராண்டா வரைக்கும் கேட்டது.

பேனாவை மூடி வைத்துவிட்டு, அதிகாரியிடம் தாழ்ந்த குரலில் சொன்னாள்:

"எங்க அக்கா கேட்டவொடனே கையெழுத்துப் போட்டுக் குடுத்துட்டா சார். அதுக்கப்புறம் அண்ணன் அவ வூட்டுப் பக்கம் ஒரு தபாகூடப் போவல."