பெரட்டில் இல்லாதவள்

“காலையில ஆளு கணக்கெடுத்த பெரட்டுல ஒன்னையக் காணமே? பேரு குடுக்காம மலையில வந்து நின்னா எப்புடி?”

வேலை வாங்கும் கண்டாக்கையாவின் குரல் தேயிலைச் சரிவையே உலுக்கியது. பக்கத்து நிரைகளில் இருந்த பெண்கள் மூச்சுக் காட்டாமல் மளமளவென்று கொழுந்து கிள்ளினார்கள்.

மார்கிரட்டுக்கோ உள்ளுக்குள் ஒரே குஷி. அவள் தோட்டத் தொழிலாளியே இல்லை, நடிகை. மஸ்கெலியா மாதா கோயில் நாடகத்தில் மேடையேறி, பதினாறு வருடமாக டீவி நாடகங்களில் நர்ஸ், வேலைக்காரி, இரண்டு முறை பிணம் என்று காலம் தள்ளியவள். இரண்டாவது பிணத்துக்கு க்ளோசப்கூட உண்டு. அதை அவள் போனில் பார்க்காத சொந்தக்காரர்கள் கிடையாது.

இன்றைக்குத்தான் முதல் முறையாக வாய் திறந்து பேசுகிற வேடம்.

“ஒரே டேக்ல அசத்திட்டீங்கன்னா அடுத்த நாடகத்துல நீங்கதான்க்கா நாயகி,” என்று டைரக்டர் நிரோஷன் சொல்லியிருந்தான். “நீங்க பாட்டுக்குக் கொழுந்து பறிங்க. கண்டாக்கு வந்து ஏசுவாரு, நீங்க திருப்பிக் குடுங்க. நான் எதிர் மேட்டுலேருந்து எடுப்பேன். கேமரா பக்கம் மட்டும் பாத்துராதீங்க.”

ஆனால் இந்தப் பெரட்டு வசனம் எழுதிக் கொடுத்ததில் இல்லையே! ஆள் சொந்தமாக அவிழ்த்து விடுகிறார். கழுத்து நரம்பு புடைப்பது என்ன, குடையை ஆட்டுவது என்ன! விட்டால் தன்னை மறுபடியும் பிணமாக்கிவிடுவார் என்று மார்கிரட்டுக்குப் பயம் வந்துவிட்டது.

சேலைத் தலைப்பை இழுத்துச் செருகினாள்.

“என்னாங்க கண்டாக்கையா! மழையில நனைஞ்சு அட்டைக்கடி வாங்குறது நாங்க, குடை புடிச்சிக்கிட்டு ஏசுறது நீங்களா?”

“ஏய்… யாருகிட்ட பேசுற?”

“ஒங்ககிட்டதான்! இந்தாங்க, இதப் போட்டுக்கிட்டு ஒரு நிரை ஏறுங்க. அப்பறம் ஏசுறதுக்கு மூச்சு இருக்கான்னு பாப்போம்!”

சொல்லிக்கொண்டே கூடைக் கயிற்றைக் கழற்றி அவர் தலையிலேயே மாட்டிவிட்டாள்.

அவர் வாயைப் பிளந்துகொண்டு நின்றார். முகம் வெளுத்துவிட்டது. என்ன நடிப்பு, என்ன நடிப்பு! போட்டிக்காரராக இருந்தாலும் மனதுக்குள் ஒரு சபாஷ் போடாமல் இருக்க முடியவில்லை மார்கிரட்டால்.

மலையே கைதட்டியது. அழகம்மா என்ற பெண் கொழுந்தைக் கீழே போட்டுவிட்டு விசிலே அடித்தாள்.

நிரோஷன் செருப்பு ஒரு பக்கம், தொப்பி ஒரு பக்கமாக மேட்டிலிருந்து ஓடி வந்தான். மார்கிரட் துள்ளிக்கொண்டு அவனிடம் போனாள்.

“எப்புடி தம்பி? ஒரே டேக்! நாயகி நான்தானே?”

“நீங்கதான்க்கா, நீங்களேதான்! மொதல்ல ஓடி வந்து வேன்ல ஏறுங்க,” என்று அவள் கையைப் பிடித்து இழுத்தான் நிரோஷன். “கண்டாக்கு வேசம் போடுறவரு இன்னும் கினிகத்தேனையில பஸ்ஸுக்கு நிக்கிறாரு!”